கம்பிக்குக் காப்பு, ஆளுக்கு வழி: மதுரையில் கட்டட வேலைக்குப் புதிதாக வருபவர்களுக்கு

மதுரையில் வீடு கட்டத் தொடங்குபவர்களும், படிப்பை முடித்துவிட்டு முதன்முதலாக மேற்பார்வைக்கு வந்து நிற்கும் இளைஞர்களும் என்னிடம் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் சதுர அடிக்கு எவ்வளவு ஆகும், எந்த சிமெண்ட் நல்லது, எம்-சாண்ட் எங்கே வாங்கலாம் என்ற அளவில் நின்றுவிடுகின்றன. அவர்கள் கேட்காமல் விடும் இரண்டு கேள்விகளுக்காக இதை எழுதுகிறேன். கான்கிரீட்டுக்குள் போகும் கம்பிக்கும் வெளிக்காற்றுக்கும் இடையே எத்தனை மில்லிமீட்டர் இருக்கப்போகிறது என்பது ஒன்று. தீப்பிடித்தால் உள்ளே இருப்பவர் எந்த வழியாக, எவ்வளவு தூரம் நடந்து வெளியே வருவார் என்பது மற்றொன்று. இரண்டும் வெவ்வேறு பாடமாகத் தெரியலாம். எனக்கு அவை ஒரே கவலை. தப்பி வரும் வழி என்று நாம் காட்டுகிற படிக்கட்டுக்குள் இருப்பதும் கம்பிதான், தீயின் சூட்டிலிருந்து அந்தக் கம்பியைச் சற்று நேரம் காத்து நிற்பதும் அதே சில மில்லிமீட்டர் கான்கிரீட்தான்.

சில ஆண்டுகளுக்கு முன் வில்லாபுரத்தில் ஒரு வீட்டின் மாடிப்படியைப் பார்க்கச் சொல்லி அழைத்தார்கள். படியின் அடிப்பக்கத்தில் விரல் அகலத்துக்குப் பழுப்பு நிறக் கோடு ஒன்று நீளவாக்கில் ஓடியிருந்தது. சிறு சுத்தியலால் தட்டிக்கொண்டே போனேன். 'டங், டங்' என்று கேட்ட சத்தம் அந்தக் கோட்டுக்கு அருகே வந்ததும் 'பொத்' என்று மாறியது. இன்னொரு தட்டு தட்டியதும் கையகலக் காரை பெயர்ந்து விழுந்தது. உள்ளே இருந்த கம்பி மரப்பட்டைபோல அடுக்கடுக்காக உரிந்து வந்தது. விழுந்த துண்டை எடுத்து அளந்தேன்: கம்பிக்குக் கீழே இருந்த கான்கிரீட் 7 மி.மீ., அதற்கு மேல் 12 மி.மீ. பூச்சு. வீட்டுக்கு வயது 19. அந்த வீட்டில் மாடியிலிருந்து இறங்க வேறு வழி கிடையாது.

முதலில், துரு ஏன் வருகிறது

திருமலை நாயக்கர் மகால் 1636-ல் கட்டியது இன்னும் நிற்கிறதே, நம் வீடு ஏன் முப்பது ஆண்டில் உதிர்கிறது என்று பலர் கேட்பதுண்டு. அது செங்கல்லும் சுண்ணாம்பும் பாரத்தைத் தாங்கும் கட்டடம். நம்முடையது கம்பியும் கான்கிரீட்டும் சேர்ந்து தாங்குவது. புதிய கான்கிரீட் கடுமையான காரத்தன்மை கொண்டது, அதன் பி.எச். அளவு 12.5-க்கு மேல் இருக்கும். அந்தக் காரத்தில் கம்பியின் மேல் கண்ணுக்குத் தெரியாத ஒரு மெல்லிய படலம் உண்டாகி, துருவைத் தடுத்து நிற்கிறது. இந்தப் படலம் இரண்டு விதமாக அழிகிறது. காற்றிலுள்ள கரியமில வாயு கான்கிரீட்டுக்குள் மெல்ல ஊடுருவிக் காரத்தைக் குறைக்கிறது, பி.எச். 9-க்கு அருகில் இறங்கிவிட்டால் படலம் நிற்காது. அல்லது உப்பிலுள்ள குளோரைடு, காரம் குறையாமல் இருக்கும்போதே அந்தப் படலத்தைப் பொத்தல் போடுகிறது. துருப்பிடித்த இரும்பு, இருந்த இடத்தைப்போல இரண்டு முதல் ஆறு மடங்குவரை இடம் கேட்கும். கான்கிரீட்டை உள்ளிருந்து பிளப்பது அந்த நெருக்குதல்தான்.

கரியமில வாயு உள்ளே போகும் ஆழம், ஆண்டுகளின் வர்க்கமூலத்துக்கு ஏற்பவே கூடுகிறது. இந்தக் கணக்கைப் புதியவர்கள் மனதில் பதித்துக்கொள்ள வேண்டும். கம்பியை மூடியிருக்கும் கான்கிரீட்டின் கனத்தைக் காப்பு என்கிறோம். 20 மி.மீ. காப்பைக் கடக்க 40 ஆண்டு ஆகும் ஒரு கான்கிரீட்டில், காப்பு 10 மி.மீ. ஆகக் குறைந்தால் 20 ஆண்டு என்று நினைப்போம். உண்மையில் 10 ஆண்டுதான். காப்பு பாதியானால் ஆயுள் கால்பங்காகிறது. வில்லாபுரம் வீட்டில் நடந்தது இதுவே.

'நாம் என்ன ராமேஸ்வரத்திலா இருக்கிறோம், உப்புக்காற்று அடிக்க?' என்று சொல்பவர்கள் இங்கே நிறைய. கடல் நமக்குத் தொலைவுதான். ஆனால் உப்பு நம் ஊரில் காற்றில் வருவதைவிடத் தண்ணீரில் வருகிறது.

படி 1: தண்ணீரைச் சோதித்துவிட்டு வேலையைத் தொடங்குங்கள்

மதுரையைச் சுற்றிப் பல இடங்களில் போர் தண்ணீர் வாயில் வைக்க முடியாத அளவுக்கு உப்பாக இருக்கிறது. ஒரே தெருவில் ஒரு வீட்டுத் தண்ணீர் நன்றாகவும் அடுத்த வீட்டுத் தண்ணீர் கரிப்பாகவும் இருப்பதை நானே பார்த்திருக்கிறேன். ஆகையால் பக்கத்து வீட்டுக்காரர் சொன்னதை வைத்து முடிவு செய்யாதீர்கள். போர் போட்டவுடன் சுத்தமான பாட்டிலில் இரண்டு லிட்டர் பிடித்து, தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்தில் கொடுங்கள். கம்பி போட்ட கான்கிரீட்டுக்கான தண்ணீரில் குளோரைடு லிட்டருக்கு 500 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது, சல்பேட்டு 400 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது, பி.எச். 6-க்குக் குறையக் கூடாது என்று கான்கிரீட் வேலைக்கான இந்தியத் தர விதியான ஐ.எஸ். 456 சொல்கிறது. கம்பி இல்லாத வெறும் கான்கிரீட்டுக்கு அதே விதி 2000 மில்லிகிராம் குளோரைடுவரை ஒத்துக்கொள்கிறது. கம்பி உள்ளே வந்ததும் வரம்பு நான்கில் ஒரு பங்காகக் குறைவதைக் கவனியுங்கள். அளவு தாண்டினால் லாரித் தண்ணீர் வாங்குங்கள், அதையும் ஒருமுறை சோதித்துக்கொள்ளுங்கள். கலவைக்கு ஆகாத உப்புத் தண்ணீரைக் கான்கிரீட்டை நனைப்பதற்கும் ஊற்றாதீர்கள்.

படி 2: கம்பியை இறக்கும்போது எடை போட்டுப் பாருங்கள்

கம்பி வந்து இறங்கும் அன்று ஒரு மீட்டர் நீளத்தில் ஒரு துண்டு வெட்டி, மளிகைக்கடைத் தராசில் வைத்தால்கூடப் போதும். விட்டத்தின் வர்க்கத்தை 162-ஆல் வகுத்தால் ஒரு மீட்டரின் எடை கிலோவில் கிடைக்கும். 12 மி.மீ. கம்பி 888 கிராம், 10 மி.மீ. 617 கிராம், 8 மி.மீ. 395 கிராம் அளவில் இருக்க வேண்டும். 12 மி.மீ. கம்பியில் தனித் துண்டு ஒன்று 6 சதவீதம்வரை குறையலாம் என்று கம்பிக்கான தர விதியான ஐ.எஸ். 1786 இடம் தருகிறது. 835 கிராமுக்குக் கீழே போனால் திருப்பி அனுப்புங்கள்.

இறக்கிய கம்பியை மண்ணில் போடாமல் மரக்கட்டைகளின் மேல் அடுக்கி, தார்ப்பாயால் மூடி வையுங்கள். திருமங்கலம், கள்ளிக்குடி பக்கம் கரிசல் மண்ணில் மழைக்காலத்தில் போட்டுவைத்த கம்பி ஒரே மாதத்தில் எப்படி ஆகும் என்பதைப் பார்த்தவர்களுக்கு இதைச் சொல்ல வேண்டியதில்லை. துணியால் துடைத்தால் போய்விடும் லேசான பழுப்பு நிறம் தீங்கு செய்யாது. செதில் செதிலாக உதிரும் துருவையும், மண்ணையும், சென்ட்ரிங் ஷீட்டில் (கான்கிரீட்டைத் தாங்கும் அச்சுத் தகட்டில்) தடவிய எண்ணெய் கம்பியில் பட்டிருந்தால் அதையும் கம்பித் தூரிகையால் தேய்த்துத் துடைத்தபிறகே கட்ட வேண்டும்.

கம்பிக்குப் பூச்சு தேவையா என்ற கேள்வி அடிக்கடி வருகிறது. துத்தநாகம் தோய்த்த கம்பியும் எபாக்சி பூசிய கம்பியும் சந்தையில் கிடைக்கின்றன. நமக்கு அருகில் காரைக்குடியில், அழகப்பச் செட்டியார் கொடுத்த 300 ஏக்கரில் எழுந்த மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம் சிமெண்டையும் பாலிமரையும் அடிப்படையாகக் கொண்ட கம்பிப் பூச்சு முறைகளை உருவாக்கித் தந்திருக்கிறது. கடற்கரைக் கட்டடங்களுக்கும், உப்புத்தண்ணீர் தேங்கும் அடித்தளங்களுக்கும் இவை பயன்படும். மதுரையில் சாதாரண வீட்டுக்கு, அந்தப் பணத்தை நல்ல காப்புக்கும் நல்ல கான்கிரீட்டுக்கும் செலவிடுவதே சரி என்பது என் கருத்து. பூச்சு போட்டாயிற்று என்ற தைரியத்தில் காப்பைக் குறைப்பவர்களையும் பார்த்துவிட்டேன்.

படி 3: கவர் பிளாக்கை நீங்களே எண்ணுங்கள்

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு பகுதியைத்தான் ஒருவர் படிப்பார் என்றால், அது இதுவாக இருக்கட்டும்.

காப்பு என்பது கம்பிக்கூட்டின் வெளி விளிம்பிலிருந்து கான்கிரீட்டின் வெளிப்புறம் வரையுள்ள தூரம். தூணிலும் உத்திரத்திலும் வெளி விளிம்பு என்பது மெயின் கம்பிகளைச் சுற்றிக் கட்டும் ரிங். அதற்குள் இருக்கும் மெயின் கம்பியிலிருந்து அளந்து ஏமாந்துவிடாதீர்கள். பூச்சு இந்தக் கணக்கில் சேராது. இந்தத் தூரம் குறையாமல் இருக்கக் கம்பியில் கட்டிவைக்கும் சிறு கட்டைதான் கவர் பிளாக். தளத்துக்கு, மழையும் ஈரமும் படாத உட்பகுதியில் 20 மி.மீ.; மொட்டைமாடித் தளம், சன்ஷேட், வெளிப்படி போன்ற மழை நனையும் இடங்களில் 30 மி.மீ.; தூணுக்கு 40 மி.மீ.; அஸ்திவாரத்துக்கு 50 மி.மீ. அளவு 10 மி.மீ.வரை கூடலாம், ஒரு மி.மீ.கூடக் குறையக் கூடாது என்பது ஐ.எஸ். 456 தரும் வரம்பு.

இந்த எண்களை வரைபடத்தில் எல்லாரும் எழுதுகிறார்கள். வேலையில் நடப்பது வேறு. கம்பி கட்டி முடித்தபின் அடியில் சல்லிக் கல்லையோ உடைந்த டைல்ஸ் துண்டையோ செருகுவார்கள். கான்கிரீட் கொட்டும்போது ஆட்கள் மிதிக்க, கல் விலகிக் கம்பி ஷீட்டோடு ஒட்டிக்கொள்ளும். ஒத்தக்கடை அருகே ஒரு வேலையில், முப்பது ஆண்டு அனுபவமுள்ள கம்பி கட்டும் பெரியவரிடம் நான் இதைச் சொன்னபோது, "தம்பி, ஒட்டுறப்போ நான் கம்பியைத் தூக்கி விட்டுர்றேன், பாத்துக்கிடலாம்" என்றார். "அண்ணே, நீங்க ஒரு இடத்துல தூக்குறப்போ இன்னொரு இடத்துல ஒருத்தர் மிதிச்சுக்கிட்டு நிப்பாரே" என்றேன். சிரித்துவிட்டு, அன்று பிற்பகலே உட்கார்ந்து 140 கவர் பிளாக் கட்டினார். அவருக்குத் தெரியாமல் இல்லை. யாரும் அதுவரை அவரிடம் பிளாக் வாங்கிக் கொடுத்ததில்லை.

ஆகவே கவர் பிளாக்கை முன்கூட்டியே வாங்கி வையுங்கள். கான்கிரீட்டின் அதே வலுவுள்ள கலவையில் செய்து, தண்ணீரில் ஊறவைத்த பிளாக் நல்லது. வலுவான பிளாஸ்டிக் பிளாக்கும் ஆகும். மீட்டருக்கு ஒன்று என்ற கணக்கில், கட்டுக்கம்பியால் இறுக்கிக் கட்டியிருக்க வேண்டும். கட்டுக்கம்பியின் முனைகளை உள்பக்கமாக மடக்கிவிடச் சொல்லுங்கள். வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் முனை துரு உள்ளே போகும் திரியாகிவிடும். சன்ஷேட், பால்கனி போன்று ஒருபக்கம் மட்டும் பிடிப்புள்ள தளங்களில் மெயின் கம்பி மேலே இருக்க வேண்டும். அதைத் தாங்க 'சேர்' எனப்படும் வளைத்த கம்பிகள் இல்லாவிட்டால், மிதிபட்டுக் கீழே இறங்கிவிடும். அப்போது துரு வருவதற்கு முன்பே தளம் தொங்கத் தொடங்கும். தளம் போடும் நாளுக்கு முந்தைய மாலை, வெயில் தாழ்ந்தபின், ஒரு அளவுகோலோடு தளத்தின் நான்கு மூலைக்கும் நடுவுக்கும் போய் அளந்து, எண்ணைச் செல்போனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

படி 4: தண்ணீரைக் குறைத்துக் கலந்து, தண்ணீர் விட்டு இறுகவிடுங்கள்

மழை நனையும் பகுதிகளுக்கு எம்25 தரம் (கான்கிரீட்டின் வலுவைக் குறிக்கும் எண் இது), சிமெண்ட் எடையில் பாதிக்கு மேல் தண்ணீர் கூடாது. 50 கிலோ மூட்டைக்கு 25 லிட்டர். மணலில் ஏற்கெனவே உள்ள ஈரமும் இந்த 25-க்குள் அடக்கம். கலவை ஓடவில்லை என்று கூடுதலாக ஊற்றும் ஒவ்வொரு வாளித் தண்ணீரும், பிறகு ஆவியாகி நுண்துளைகளை விட்டுச்செல்லும். கரியமில வாயுவும் உப்பும் அந்த வழியாகத்தான் உள்ளே போகின்றன. இளக்கம் வேண்டுமானால், தண்ணீர் கூட்டாமலே கலவையை இளக்கும் பிளாஸ்டிசைசர் என்ற ரசாயனத்தைச் சேருங்கள்.

நம் ஊர்ச் சித்திரை வெயிலில் போட்ட தளம் மாலைக்குள் வெளுத்து நிற்கும். பாத்தி கட்டித் தண்ணீர் நிறுத்துங்கள். சாதாரண சிமெண்டுக்குக் குறைந்தது 7 நாள், வெயில் காயும் காலத்தில் 10 நாள். சாம்பல் கலந்த பி.பி.சி. சிமெண்டானால் இத்தகைய வெயிலில் 14 நாள். தூண்களுக்குச் சாக்குச் சுற்றி நனைக்க வேண்டும். தளத்துக்கு 14 நாள் பாத்தி கட்டிவிட்டுத் தூணுக்கு இரண்டு நாள் பைப்பில் அடித்துவிட்டுப் போவது இங்குள்ள வழக்கம். கட்டடத்தைத் தாங்குவது தூண்.

வேலை முடிந்தபின்னும் உப்பு வந்து சேரும் வழிகள் இருக்கின்றன. டைல்ஸ் பதித்தபின் கறை போக 'ஆசிட்' ஊற்றிக் கழுவுவதை நிறுத்துங்கள். அது ஹைட்ரோகுளோரிக் அமிலம். காரத்தையும் கரைத்து, குளோரைடையும் இணைப்புகள் வழியாகத் தளத்துக்குள் இறக்கிவிடும். குளியலறையின் தாழ்தளத்தில் செங்கல் ஜல்லி நிரப்புவதற்கு முன் நீர்க்காப்புப் பூச்சுப் போட்டு, 48 மணி நேரம் தண்ணீர் நிறுத்திக் கசிவைப் பாருங்கள். பின்னால் மாடி எடுக்கலாம் என்று மொட்டைமாடித் தூண்களில் நீட்டிவிடும் கம்பிகள் நம் ஊரில் பத்து, பதினைந்து ஆண்டுகள் வானத்தைப் பார்த்து நிற்கின்றன. அவற்றுக்குச் சிமெண்ட் பால் அடித்துவிட்டு விடுவது போதாது. மெலிந்த கலவையில் கட்டி மூடிவிட்டால், பிறகு உடைத்து எடுத்துக்கொள்ளலாம்.

படி 5: ஆளை எண்ணி, வழியை அளவிடுங்கள்

இப்போது இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். 2004 தமிழ்நாட்டில் மறக்க முடியாத ஆண்டு. ஜனவரி 23 அன்று ஸ்ரீரங்கத்தில் ஒரு கல்யாண மண்டபத்தின் மாடிப் பந்தலில் தீப்பிடித்து மணமகன் உட்படப் பலர் இறந்தார்கள். ஜூலை 16 அன்று கும்பகோணம் பள்ளியில் 94 குழந்தைகள் இறந்தார்கள். இரண்டு இடத்திலும் கூரை எரிந்தது என்று பேசுகிறோம். மேலே இருந்தவர்கள் கீழே வர இருந்த வழியின் அகலத்தைப் பற்றியும் அதே அளவுக்குப் பேச வேண்டும்.

தேசியக் கட்டட விதித்தொகுப்பு 2016 இதற்கு ஒரு எளிய கணக்கு தருகிறது. எடுத்துக்காட்டாக, முதல் மாடியில் 40 அடிக்கு 80 அடி அளவில் ஒரு மண்டபம் என்று வைத்துக்கொள்வோம். பரப்பு சுமார் 297 சதுர மீட்டர். நாற்காலிகளை நெருக்கமாகப் போட்டுவைக்கும் இடத்தில் ஆளுக்கு 0.65 சதுர மீட்டர் என்று கணக்கிட்டால், 457 பேர். சமதளத்தில் நடந்து வெளியேறும் வாசலுக்கு ஆளுக்கு 6.5 மி.மீ. அகலம், ஆக, ஏறத்தாழ 3 மீட்டர். படிக்கட்டுக்கு ஆளுக்கு 10 மி.மீ.; ஆக, ஏறத்தாழ 4.6 மீட்டர். மக்கள் கூடும் கட்டடத்தில் ஒரு படிக்கட்டு 2 மீட்டருக்குக் குறையக் கூடாது, ஒரு வாசல் 2 மீட்டருக்குக் குறையக் கூடாது என்பதையும் சேர்த்துப் பார்த்தால், இந்த மண்டபத்துக்கு 2.3 மீட்டர் அகலத்தில் இரண்டு படிக்கட்டுகளும், 2 மீட்டரில் இரண்டு வாசல்களும் வேண்டும். மணமக்கள் அழைப்புக்கென்று முன்னால் ஒரு அலங்காரப் படியும், பின்னால் சமையல்காரர்கள் ஏற 3 அடியில் ஒரு படியும் வைத்துவிட்டு, 'இரண்டு படி இருக்கிறது' என்று சொல்பவர்களிடம் இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுங்கள். இரண்டு படிகளையும் அருகருகே வைப்பதும் பயன் தராது. ஒரே புகை இரண்டையும் அடைத்துவிடும்.

வீட்டுக்குப் படி அகலம் 1 மீட்டர்; பள்ளிக்கு 1.5 மீட்டர், மருத்துவமனைக்கு 2 மீட்டர். வீட்டில் படியின் மிதி 250 மி.மீ.க்குக் குறையாமலும் ஏற்றம் 190 மி.மீ.க்கு மிகாமலும், மற்ற கட்டடங்களில் மிதி 300, ஏற்றம் 150 என்றும் இருக்க வேண்டும். எல்லாப் படிகளும் ஒரே உயரத்தில் இருக்கட்டும். கடைசிப் படி மட்டும் ஒரு அங்குலம் கூடினால், இருட்டில் ஓடி வருபவரின் கால் அங்கேதான் இடறும். வெளிவழிக்கு நடக்கும் தூரம் பெரும்பாலான கட்டடங்களில் 30 மீட்டருக்குள் அடங்க வேண்டும். பள்ளி, மருத்துவமனை, மண்டபம் ஆகியவற்றில், ஒரு பக்கம் அடைபட்ட நடைபாதை 6 மீட்டருக்கு மேல் நீளக் கூடாது. லிஃப்ட்டை வெளிவழியாக ஒருபோதும் எண்ணாதீர்கள்.

2024 செப்டம்பரில் நம் கட்ராபாளையத்தில் ஒரு பெண்கள் விடுதியில் குளிர்பதனப் பெட்டி வெடித்துப் பற்றிய தீயில் இரண்டு பெண்கள் இறந்தார்கள். நான்கு பேருக்கென்று கட்டிய வீட்டை விடுதியாகவோ, டியூஷன் சென்டராகவோ, மருத்துவமனையாகவோ மாற்றும் வேலை உங்களிடம் வந்தால், பெயிண்டையும் தடுப்புச் சுவரையும் பற்றிப் பேசுவதற்கு முன் ஆட்களை எண்ணி இந்தக் கணக்கைப் புதிதாகப் போடுங்கள். வழி போதவில்லை என்றால் அதை உரிமையாளரிடம் எழுத்தில் கொடுங்கள்.

படி 6: கதவு, பூட்டு, கிரில்

வெளிவழிக் கதவு, வெளியே போகும் திசையில் திறக்க வேண்டும். உள்ளிருந்து சாவி இல்லாமல் திறக்க முடிய வேண்டும். உள்நோக்கித் திறக்கும் கதவின் மேல் கூட்டம் சாய்ந்துவிட்டால், முன்னால் நிற்பவரால் இழுக்க முடியாது. அகலம் 1 மீட்டர், உயரம் 2 மீட்டருக்குக் குறையக் கூடாது. கதவைத் திறந்தவுடன் படி தொடங்கக் கூடாது. கதவு அகலத்துக்குக் குறையாத ஒரு தளமேடை இருக்க வேண்டும். மேலே சுருளும் ஷட்டரும் நகரும் கதவும் வெளிவழியாகா. மாசி வீதிகளில் கடை வைத்திருப்பவர்கள் முன்பக்கம் ஷட்டர் மட்டும் போட்டு, பின்பக்கத்தைச் சரக்கால் அடைத்துவைக்கும் பழக்கத்தை விட வேண்டும்.

வீடுகளில் நாம் திருட்டுக்குப் பயந்து எல்லா ஜன்னலுக்கும் பால்கனிக்கும் கிரில் அடித்துவிடுகிறோம். அந்தப் பயம் நியாயமானது. ஆனால் ஒவ்வொரு மாடியிலும் ஒரு கிரில்லாவது கீல் வைத்துத் திறக்கும்படி இருக்க வேண்டும்; அதன் கொண்டியை உள்ளிருந்து குழந்தையும் தள்ளித் திறக்க முடிய வேண்டும். கீலுக்கு ஆறு மாதத்துக்கு ஒருமுறை எண்ணெய் விடுங்கள். துருப்பிடித்து இறுகிய கீல் இருந்தால், திறக்கும் கிரில்லும் சுவர்தான்.

படி 7: இரும்புப் படிக்கட்டில் இரண்டும் சந்திக்கின்றன

இடவசதி இல்லாத பழைய கட்டடங்களில், இரண்டாவது வழியாக வெளிப்புறம் இரும்புப் படி அமைப்பார்கள். சாய்வு 45 பாகைக்கு மிகக் கூடாது. சுருள்படி அழகாக இருக்கும், இடமும் குறைவு. ஆனால் குறைவான ஆட்கள் உள்ள, 9 மீட்டர் உயரத்துக்குள் அடங்கும் கட்டடத்துக்கு மட்டுமே விதி அதை ஒத்துக்கொள்கிறது, விட்டமும் 1.5 மீட்டருக்குக் குறையக் கூடாது.

ஒரு மண்டபத்தில் ஆய்வுக்குப் போனபோது, பின்பக்க இரும்புப் படியில் நான் வைத்த மூன்றாவது அடியில் தகடு உள்ளே போனது. செருப்பு மாட்டிக்கொண்டது, கால் தப்பியது. மேலே பார்த்தால் பச்சைப் பெயிண்ட் பளபளவென்று இருந்தது; அடியில் தகட்டின் ஓரங்கள் அப்பளம்போல நொறுங்கின. முதல் நாள் நடந்த கல்யாணத்தில் அந்த வாசலுக்கு மேல் 'வெளியே' என்ற பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்திருக்கிறது. நான் ஒருவன் நடந்த படியில் அன்று இருநூறு பேர் ஓடியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இப்போது நினைத்தாலும் நெஞ்சு பதறுகிறது.

அதனால் இரும்புப் படியைத் தொடக்கத்திலேயே துருவுக்கு எதிராகத் திட்டமிடுங்கள். 5 மி.மீ. அல்லது அதற்கு மேல் கனமுள்ள இரும்புக்குச் சதுர மீட்டருக்கு 610 கிராம் துத்தநாகம் படியும்படி சூட்டில் தோய்த்து வாங்குவது நல்லது. அது சுமார் 85 மைக்ரான் கனம். வெல்டிங் வைத்த இடத்தில் துத்தநாகம் எரிந்துவிடுவதால் அங்கே துத்தநாகம் மிகுந்த பெயிண்டை அடிக்க வேண்டும். ரெட் ஆக்சைடு மட்டும் அடிப்பதானால், அதற்கு முன் துருவை முழுவதும் தேய்த்து எடுங்கள். துருவின் மேல் அடித்த பெயிண்ட் துருவோடு சேர்ந்தே உரியும். மிதிதகட்டில் தண்ணீர் தேங்காதபடி சரிவோ வடிதுளையோ வேண்டும். பாக்ஸ் பைப்பின் திறந்த முனைகளைத் தகடு வைத்து வெல்ட் செய்து மூடுங்கள். மூடாவிட்டால் உள்ளிருந்து துருப்பிடிப்பது வெளியே தெரியாது. கால்கள் தரையில் ஊன்றும் இடத்தில் கான்கிரீட்டைத் தரைமட்டத்துக்கு மேல் உயர்த்தி, தண்ணீர் விலகும்படி சரித்துவிடுங்கள். இரும்புத் தூண் முதலில் அரிப்பது தரையை ஒட்டிய அந்த வளையத்தில்தான்.

கான்கிரீட் படிக்கும் இதே அக்கறை வேண்டும். 550, 600 பாகை செல்சியஸ் சூட்டில் இரும்பு தன் வலுவில் பாதியளவை இழக்கிறது. காப்பு உதிர்ந்து வெறுங்கம்பியாகத் தொங்கும் தளத்துக்குத் தீ அந்தச் சூட்டை உடனே கொடுத்துவிடும். 2020 தீபாவளி நாளில் தெற்கு மாசி வீதிப் பகுதியில் எரிந்த ஒரு பழைய ஜவுளிக் கட்டடம் இடிந்து, அணைக்கச் சென்ற இரண்டு தீயணைப்பு வீரர்கள் இறந்தார்கள். தீயின்போது கட்டடம் எவ்வளவு நேரம் நிற்கும் என்பது, ஓடி வருபவருக்கும் உள்ளே போகும் வீரருக்கும் சேர்ந்த கேள்வி.

படி 8: குடிவந்த பின்

ஆண்டுதோறும் புரட்டாசியில், ஐப்பசி மழை தொடங்குவதற்கு முன், ஒரு சுற்று வாருங்கள். படியின் அடிப்பக்கம், சன்ஷேட், தண்ணீர்த் தொட்டியின் அடி, குளியலறைக்குக் கீழே உள்ள தளம் ஆகியவற்றில் பழுப்புக் கோடும், கம்பியின் போக்கிலேயே ஓடும் வெடிப்பும் இருக்கின்றனவா என்று பார்த்து, சுத்தியலால் தட்டிக் கேளுங்கள். சந்தேகமான இடத்தில் புதிதாக உடைத்த முகத்தில் பினாஃப்தலீன் கரைசலைத் தெளித்தால், காரம் உள்ள கான்கிரீட் இளஞ்சிவப்பாக மாறும். நிறம் மாறாத பகுதி காரத்தை இழந்துவிட்டது. அந்த எல்லை கம்பிவரை போய்விட்டதா என்று அளந்து குறித்துக்கொள்ளுங்கள். பெயர்ந்த இடத்தில் வெறும் பூச்சைப் பூசி வெள்ளையடிப்பது புண்ணின் மேல் துணியைச் சுற்றுவதுபோலத்தான். கம்பியின் பின்புறம்வரை உதிர்த்து, துருவைத் தேய்த்து எடுத்து, கம்பிக்குப் பூச்சிட்டு, பாலிமர் கலவையால் நிரப்ப வேண்டும். கம்பி மெலிந்திருந்தால் கட்டமைப்புப் பொறியாளரைக் கூப்பிடுங்கள்.

பிறகு ஒரு இரவு, எல்லாரிடமும் சொல்லிவிட்டு, மெயினை அணைத்துவிட்டு, மேல்மாடியின் கடைசி அறையிலிருந்து தெருவரை விளக்கில்லாமல் நடந்து பாருங்கள். படித் திருப்பத்தில் வைத்த கேஸ் சிலிண்டர், வாசலில் அடுக்கிய நாற்காலி, வழியில் நிறுத்திய டூவீலர், பூட்டியிருக்கும் பின்கதவு ஆகியவை அப்போது முழங்காலுக்கே தெரியும். எங்கெங்கே இடித்ததோ அங்கெல்லாம் மறுநாள் காலையில் அப்புறப்படுத்திவிட்டு, அவசர விளக்குகள் எத்தனை நேரம் எரிகின்றன என்று பாருங்கள். வீட்டில் உள்ள எல்லாருக்கும் 101, 112 என்ற இரண்டு எண்களையும் சொல்லிக்கொடுத்து, வெளியே வந்ததும் எந்த மரத்தடியில் கூட வேண்டும் என்பதையும் காட்டிவையுங்கள்.